ஜனாதிபதி தேர்தலில் மதுரைக்கு எவ்வளவு எடை? கணக்குப் போட்டுப் பார்ப்போம்

2022 ஜூலை. சிம்மக்கல் பக்கம் ஒரு டீக்கடை டிவியில் ஜனாதிபதி தேர்தல் செய்தி ஓடிக்கொண்டிருந்தது. "எலெக்சன்னு சொல்றாய்ங்க, நமக்கு பூத் சிலிப்பே வரலையேப்பா?" என்றார் பக்கத்திலிருந்த பெரியவர். வராது. நமக்காக எம்.பி.யும் எம்.எல்.ஏ.வும் ஓட்டுப் போடுகிற மறைமுகத் தேர்தல் இது. சரி, போனில் கால்குலேட்டரைத் திறந்துகொள்ளுங்கள்.

படி 1: யாருக்கு ஓட்டு?

மக்களவை, மாநிலங்களவை, மாநிலச் சட்டமன்றங்கள் ஆகியவற்றில் தேர்ந்தெடுக்கப்பட்ட உறுப்பினர்களுக்கு. டெல்லி, புதுச்சேரி எம்.எல்.ஏ.க்களும் உண்டு. நியமன உறுப்பினர்களுக்குக் கிடையாது. அதே மாதம் மாநிலங்களவைக்கு நியமிக்கப்பட்டார் நம்ம பண்ணைப்புரத்து இளையராஜா. அவருக்கும் இதில் ஓட்டில்லை.

படி 2: எம்.எல்.ஏ. ஓட்டின் மதிப்பு

ஆளுக்கு ஒரு ஓட்டு என்று எண்ணினால் இங்கே கணக்கு உதைக்கும். ஒவ்வொரு ஓட்டுக்கும் ஒரு மதிப்பு உண்டு. தமிழ்நாட்டின் 1971 மக்கள்தொகை 4,11,99,168. இதை 234 தொகுதிகளால் வகுத்து, வந்ததை மறுபடி 1,000 ஆல் வகுங்கள். 176 வருகிறதா? அதுதான் மேலூர் எம்.எல்.ஏ.வுக்கும் உசிலம்பட்டி எம்.எல்.ஏ.வுக்கும் உள்ள ஓட்டு மதிப்பு. மதுரை மாவட்டத்தின் 10 தொகுதிகளுக்கும் சேர்த்து 1,760. உத்தரப் பிரதேசத்தில் ஒருவருக்கு 208, சிக்கிமில் வெறும் 7.

ஏன் இன்னும் 1971? குடும்பக் கட்டுப்பாட்டை ஒழுங்காகச் செய்த மாநிலங்கள் அதனாலேயே எடை குறைந்து போகக்கூடாது என்றுதான். எனக்கு இது நியாயமாகவே படுகிறது.

படி 3: எம்.பி. ஓட்டின் மதிப்பு

நாட்டின் எம்.எல்.ஏ.க்கள் எல்லோருடைய மதிப்பையும் கூட்டி, எம்.பி.க்களின் எண்ணிக்கையால் வகுக்க வேண்டும். 2022இல் 5,43,231 வகுத்தல் 776, அதாவது 700. எந்த மாநில எம்.பி.யானாலும் இதேதான். மதுரை மக்களவைத் தொகுதிக்குள் வரும் 6 எம்.எல்.ஏ.க்களுக்குச் சேர்த்து 1,056; அவர்கள் கூடிவிட்டால் எம்.பி.யை விடக் கை ஓங்கிவிடும்!

படி 4: சீட்டு

எம்.பி.க்குப் பச்சை, எம்.எல்.ஏ.வுக்கு இளஞ்சிவப்பு. சின்னம் கிடையாது, முத்திரை குத்துவதும் கிடையாது. தேர்தல் ஆணையம் தரும் ஊதா மை பேனாவால், பிடித்தவர் பெயருக்கு நேரே 1, அடுத்தவருக்கு 2 என்று எழுத வேண்டும். தமிழ் எண்ணில் '௧' போட்டாலும் செல்லும். 'ஒன்று' என்று எழுத்தில் எழுதினால் செல்லாது. ரகசிய வாக்கெடுப்பு, கட்சிக் கொறடா உத்தரவும் இங்கே எடுபடாது.

படி 5: எண்ணிக்கை

செல்லுபடியான ஓட்டுகளின் மொத்த மதிப்பில் பாதியைத் தாண்டினால் வெற்றி. யாரும் தாண்டவில்லையென்றால் கடைசியில் இருப்பவரை நீக்கி, அவருடைய சீட்டுகளில் உள்ள அடுத்த விருப்பத்தைப் பார்ப்பார்கள். 1969இல் இப்படித்தான் நடந்தது. தேவை 4,18,169, முதல் விருப்பத்தில் வி.வி. கிரிக்குக் கிடைத்தது 4,01,515. மற்றவர்களின் சீட்டுகளில் இருந்த இரண்டாம் விருப்பங்கள் சேர்ந்துதான் 4,20,077க்கு ஏறி, சஞ்சீவ ரெட்டியை வென்றார். 2022இல் அந்த வேலையே வைக்கவில்லை. திரௌபதி முர்மு 6,76,803 வாங்கி முதல் விருப்பத்திலேயே முடித்துவிட்டார்.