ஷிமொநாடா: ஆளில்லாத ரயில் நிலையத்துக்கு முதல்முறை போகிறவர்களுக்கு

ஜப்பானில் ஊழியர் இல்லாத நிலையங்களை 'முஜின் எகி' என்கிறார்கள். டிக்கெட் கவுன்ட்டரும் இல்லை, வாசலில் டிக்கெட் கேட்க ஆளும் இல்லை. "அப்படியென்றால் காசை யாரிடம் கொடுப்பது?" என்பதுதான் புதிதாகப் போகிறவர்களின் முதல் கேள்வி. எனக்கு மிகவும் பிடித்த ஷிமொநாடாவை வைத்தே சொல்கிறேன். ஷிகோகு தீவில், எஹிமே மாகாணத்தின் இயோ நகரத்தில் இருக்கிறது. ஒற்றை நடைமேடை, சின்னக் கூரை, அதன் கீழே பெஞ்ச், எதிரே செட்டோ உள்நாட்டுக் கடல்.

முதலில், சரியான ரயில்

எஹிமேயின் தலைநகரான மட்சுயாமாவிலிருந்து கிளம்புங்கள். ஏறக்குறைய ஒரு மணி நேரப் பயணம். பலர் கோட்டைவிடுவது இங்கேதான். ஷிமொநாடாவுக்குப் போகும் யோசான் ரயில் பாதை முகாய்பாரா நிலையத்தில் இரண்டாகப் பிரிகிறது. 1986 மார்ச்சில் உச்சிகோ வழியாக மலைப்பக்கம் புதிய பாதை திறந்தபின், அதிவிரைவு ரயில்கள் எல்லாம் அந்தப் பக்கம் போய்விட்டன. சாதாரண ரயில்களிலும் சில அவ்வழியே போகும். அதனால் கடலோரமாக 'இயோ நகஹாமா வழி' போகும் சாதாரண ரயில்தானா என்று பார்த்து ஏறுங்கள்.

போகும் ரயிலைவிடத் திரும்பும் ரயிலைத்தான் முதலில் குறித்துக்கொள்ள வேண்டும். ஒரு ரயிலை விட்டால் அடுத்ததற்கு மணிக்கணக்கில் காத்திருக்க நேரலாம். சூரியன் மறைவதற்கு ஒன்றரை மணி நேரம் முன்னால் போய் இறங்குவது நல்லது. ஜூன் கடைசியில் மாலை 7.25 வாக்கில் மறையும். டிசம்பர் தொடக்கத்தில் 5 மணிக்கே மறைந்துவிடும். 2014 முதல் ஓடும் 'இயோநாடா மொனோகதாரி' சுற்றுலா ரயிலும் இங்கே நிற்கும், ஆனால் சில நிமிடங்கள்தான். உட்கார்ந்து கடல் பார்க்க அது போதவே போதாது.

அடுத்து, காசு

கடலோரப் பாதையில் ஓடும் சாதாரண ரயில்களில் பெரும்பாலும் ஓட்டுநர் மட்டும்தான் இருப்பார். மட்சுயாமாவில் டிக்கெட் வாங்கியிருந்தால், இறங்கும்போது முன்கதவருகே ஓட்டுநர் பக்கத்தில் இருக்கும் பெட்டியில் அதைப் போட்டால் முடிந்தது.

ஆளில்லாத நிலையத்தில் ஏறும்போதுதான் கவனம் வேண்டும். பின்கதவு வழியாக ஏறுங்கள். உள்ளே கால் வைத்ததும் ஒரு சின்ன இயந்திரம் சீட்டை நீட்டும். 'செய்ரிகென்' என்பது அதன் பெயர். அதில் ஓர் எண் இருக்கும். வண்டியின் முன்பக்கம், ஓட்டுநருக்கு மேலே உள்ள பலகையில் அந்த எண்ணுக்குக் கீழே தெரிவதுதான் உங்கள் கட்டணம். நிலையம் தாண்டத் தாண்ட அது ஏறிக்கொண்டே போகும். இறங்கும்போது சீட்டும் காசும் சேர்த்துப் பெட்டியில் போட வேண்டும். அது மீதி தராது. பக்கத்திலேயே சில்லறை மாற்றும் துளை உண்டு, ஆனால் பெரிய நோட்டு எடுக்காது. ஆகவே 1000 யென் நோட்டுகளும் சில்லறையும் கையில் இருக்கட்டும். கார்டைத் தட்டி இறங்கிவிடலாம் என்று நினைக்காதீர்கள்.

இறங்கிய பிறகு

உடனே கேமராவை எடுக்க வேண்டாம். ரயில் கிளம்பிப் போகட்டும். டீசல் இரைச்சல் வளைவில் தேய்ந்து மறைந்ததும் காதில் விழும் அமைதிக்காகவே இங்கே வரலாம்.

இந்த நிலையம் 1935 ஜூன் 9 அன்று திறந்தது. பாதை நகஹாமா வரை நீளும்வரை, சுமார் நான்கு மாதம், இதுதான் கடைசி நிலையம். அப்போது கடல் இதன் காலடிவரை இருந்தது. பிற்பாடு கரையைத் தூர்த்துத் தேசிய நெடுஞ்சாலை 378 போட்டார்கள். நடைமேடை மேட்டில் இருப்பதால் உட்கார்ந்தால் சாலை அவ்வளவாகத் தெரியாது, கடல்தான் தெரியும். 1990களின் இறுதியில் சாதாரண ரயில்களில் மலிவாகச் சுற்ற உதவும் 'செய்ஷுன் 18' பயணச்சீட்டின் சுவரொட்டிகளில் வந்தபின் நாடே அறிந்த இடமாயிற்று.

ஊழியர்தான் இல்லை, பார்த்துக்கொள்ள ஆட்கள் இருக்கிறார்கள். பூச்செடி வைப்பதும் பெருக்குவதும் ஊர்க்காரர்கள்தான். உங்கள் குப்பையை உங்கள் பையிலேயே போட்டுக்கொள்ளுங்கள். பெஞ்சில் படம் எடுக்க வரிசை இருந்தால் நில்லுங்கள், எடுத்ததும் எழுந்து இடம் விடுங்கள். தண்டவாளத்தில் இறங்கவே கூடாது.

நேரம் இருந்தால் கடலோரமாக நடந்து பாருங்கள். ஓரிடத்தில் தண்டவாளம் ஒன்று கரையிலிருந்து நேராகத் தண்ணீருக்குள் இறங்கிப் போகும். ரயிலுக்கானது அல்ல, படகுகளைக் கரையேற்றப் போட்டது. பாசி பிடித்திருக்கும், எட்ட நின்றே பாருங்கள். பசித்தால், மட்சுயாமா திசையில் ஒரு நிலையம் தள்ளியுள்ள இயோ கமிநாடா பக்கம் ஃபுதாமி கடற்கரைப் பூங்காவில் 'ஜாகோதென்' கிடைக்கும். சின்ன மீனை முள்ளும் தோலுமாக அரைத்துத் தட்டிப் பொரித்தது. சாம்பல் நிறத்தில் இருக்கும். சூடாகச் சாப்பிடுங்கள்.

சூரியன் மறைந்ததும் பெரும்பாலானவர்கள் காரில் ஏறிப் போய்விடுவார்கள். நீங்கள் இன்னும் இருபது நிமிடம் இருங்கள். வானம் கருநீலமாகும், கூரை விளக்கு எரியும், அப்புறம் தூரத்தில் ஒற்றைப் பெட்டி ரயிலின் வெளிச்சம் வரும். பின்கதவு. சீட்டை எடுக்க மறக்காதீர்கள்.