வானில் தீப்பந்து பாய்ந்தால்: பழவேற்காடு முதல் நாட்றம்பள்ளி வரை கவனிப்பவர்களுக்கு

தீப்பந்து என்பது மிகப் பிரகாசமாக எரியும் விண்கல். அதன் ஒளி மறைந்ததும் நின்ற இடத்தை விட்டு நகராதீர்கள். யாரையும் கூப்பிடுவதற்கு முன் கைபேசியில் ஸ்டாப்வாட்சை ஓடவிடுங்கள். அது என்னவாக இருக்கும் என்ற பேச்சு பிறகு வரட்டும். முதலில் காதைத் தீட்டிக்கொண்டு குறைந்தது 5 நிமிடம், முடிந்தால் 10 நிமிடம் அமைதியாக நில்லுங்கள்.

காரணம் எளிது. ஒலி 1 கி.மீ. கடக்க ஏறக்குறைய 3 நொடி ஆகும். வானில் 30 கி.மீ. உயரத்தில் உடைந்த விண்கல்லின் முழக்கம், அது நேர் தலைக்கு மேலே இருந்தாலும், ஒன்றரை நிமிடம் கழித்துத்தான் தரைக்கு வரும். 100 கி.மீ. தள்ளி உடைந்திருந்தால் 5 நிமிடம். பழவேற்காட்டுக் கரையில் நின்று ராக்கெட் பார்ப்பவர்களுக்கு இது பழகிய விஷயம். ஸ்ரீஹரிகோட்டா ஏவுதளம் அங்கிருந்து நேர்கோட்டில் சுமார் 34 கி.மீ. நெருப்பு கிளம்பி ஒன்றரை நிமிடம் தாண்டிய பிறகுதான் அதன் உறுமல் ஏரியைக் கடந்து வரும். எனவே தீப்பந்து மறைந்து சில நிமிடம் கழித்து இடி போல ஒன்று கேட்டால் அந்த நேரத்தை நொடியோடு குறியுங்கள். கல் துண்டுகள் தரைக்கு வந்திருக்க வாய்ப்பு உண்டு என்பதற்கு அதைவிட நல்ல அறிகுறி கிடையாது. எதுவும் கேட்கவில்லை என்றால் அதையும் எழுதுங்கள்.

அடுத்தது ஒளி நீடித்த நேரம். இதில்தான் எல்லோரும் தவறுகிறார்கள். 3 நொடி ஓடிய ஒளியை மறுநாள் காலை 15 நொடி என்பார்கள். பொய் சொல்வதல்ல, திடுக்கிட்ட மனசு நேரத்தை இழுத்துவிடும். அதனால் அங்கேயே நின்று, ஒளி போன பாதையில் அதே வேகத்தில் விரலை ஓட்டிக் காட்டுங்கள். பக்கத்தில் உள்ளவர் ஸ்டாப்வாட்சில் அளக்கட்டும். மூன்று முறை செய்து சராசரி எடுத்தால் உண்மைக்கு அருகில் வந்துவிடும்.

பிறகு பாதை. தொடங்கிய இடத்துக்கும் மறைந்த இடத்துக்கும் தனித்தனியே திசையும் உயரமும் வேண்டும். கையை நேராக நீட்டி விரல்களை மடக்கினால் கைமுட்டியின் அகலம் 10 பாகை. சாண் விரித்தால் கட்டைவிரல் நுனியிலிருந்து சுண்டுவிரல் நுனி வரை சுமார் 20. சுண்டுவிரலின் அகலம் 1 பாகை. அடிவானத்திலிருந்து முட்டிமேல் முட்டி வைத்து எண்ணுங்கள். ஒன்பது முட்டியில் தலைக்கு நேர் மேலே வந்துவிட்டால் உங்கள் கை சரியான அளவுகோல். திசைக்குப் பனைமரம், தண்ணீர் டேங்க், மின்கோபுரம் என்று அசையாத எதையாவது பிடித்துக்கொள்ளுங்கள். 'பனைக்கு இடப்பக்கம் இரண்டு முட்டி' என்று எழுதி வைத்தால் போதும். நின்ற இடத்துக்கு ஒரு செங்கல்லை அடையாளம் போட்டுவிட்டு, பகலில் வந்து அதே இடத்தில் நின்று திசைகாட்டியால் பாகை எடுக்கலாம். கைபேசித் திசைகாட்டியை மோட்டார் சைக்கிள், கம்பிவேலி, ஷட்டர் பக்கத்தில் நம்பக் கூடாது. பத்தடி தள்ளிப் போய், கைபேசியை எட்டு போலச் சுழற்றிச் சரிசெய்த பிறகே பாருங்கள்.

ஒருவர் குறிப்பு மட்டும் இருந்தால் உயரம் தெரியாது. இரண்டு ஊர்க் குறிப்பு சேர்ந்தால் தெரிந்துவிடும். திருத்தணிக்கும் பழவேற்காட்டுக்கும் நேர்கோட்டில் சுமார் 80 கி.மீ. திருத்தணியில் ஒருவர் தலைக்கு மேலே பார்த்த ஒளியைப் பழவேற்காட்டில் இருப்பவர் மேற்கு-தென்மேற்கில் நாலரை முட்டி உயரத்தில், அதாவது 45 பாகையில் பார்த்தார் என்றால் உயரமும் 80 கி.மீ.தான். விண்கற்கள் எரியும் உயரம் அது. பழவேற்காட்டில் அது 2 பாகைதான் எழும்பியிருந்தது என்றால் உயரம் சுமார் 3 கி.மீ.தான், விமானமோ, மேகத்தில் பட்ட வெளிச்சமோ. ஆகவே உறவுக்காரர், பழைய வகுப்புத் தோழர் என்று 50, 100 கி.மீ. தள்ளி இருப்பவரிடம் அன்றே கேட்டுவிடுங்கள். 'பார்த்தியா?' என்று மட்டும் கேட்க வேண்டும். 'பச்சையா, வடக்கே போச்சே' என்று எடுத்துக்கொடுத்தால் அவர் சாட்சியம் கெட்டுப்போகும்.

இனி அது என்ன என்ற கேள்வி. நீடித்த நேரமே பாதிக்குமேல் பதில் சொல்லிவிடும்.

வெள்ளி கிரகத்தைவிடப் பிரகாசமாக எரியும் விண்கல்லைத்தான் வானியலில் தீப்பந்து என்கிறார்கள். நொடிக்கு 11 முதல் 72 கி.மீ. வேகத்தில் காற்றுமண்டலத்துக்குள் நுழைவதால் ஒன்றிரண்டு நொடி, மிஞ்சினால் பத்து நொடிக்குள் கதை முடிந்துவிடும். ஒரு நிமிடத்துக்குமேல் பல துண்டுகளாக, ஒன்றன்பின் ஒன்றாக, மெதுவாக ஊர்ந்தால் அது பெரும்பாலும் பழைய ராக்கெட்டோ செயற்கைக்கோளோ எரிந்து விழுவது. அதன் வேகம் நொடிக்கு 8 கி.மீ.க்கும் குறைவு. 2022 ஏப்ரல் 2 இரவு மகாராஷ்டிரா, குஜராத் வானில் பலர் பார்த்தது இப்படித்தான்: சீனாவின் லாங் மார்ச் ராக்கெட்டின் பகுதி என்று வானியலாளர்கள் கணித்தார்கள், சந்திரபூர் மாவட்டத்தில் பெரிய உலோக வளையமே கிடைத்தது.

சீராக, மினுக்காமல், நாலைந்து நிமிடம் வானைக் கடந்து நடுவிலேயே மங்கி மறைவது செயற்கைக்கோள். பூமியின் நிழலுக்குள் போவதால் அப்படி மறைகிறது. சர்வதேச விண்வெளி நிலையம் இந்த வகையில் மிகப் பிரகாசமானது. மாலை இருட்டியதும் அல்லது விடியுமுன் நூலில் கோத்த மணிபோல் வரிசையாக ஒளிகள் போனால் புதிதாக ஏவிய ஸ்டார்லிங்க். 2019 முதல் இந்த ஊர்வலம் நடக்கிறது. சிவப்பு, பச்சை விளக்கோடு வெட்டி வெட்டி மின்னுவது விமானம். ஆனால் நேராக உங்களை நோக்கி வரும் விமானத்தின் முன்விளக்கு அசையாத பெரிய நட்சத்திரம்போல நெடுநேரம் நிற்கும். சென்னைக்கு இறங்கும் பாதையில் இருக்கும் ஊர்களில் இதில் ஏமாறுவது மிகச் சாதாரணம்.

அசையாத ஒளி 'ஆடுகிறது, நகர்கிறது' என்று தோன்றினால் சுவரில் தலையைச் சாய்த்து, அதை ஒரு பனை ஓலை நுனியோடு சேர்த்துப் பாருங்கள். இருட்டில் தனிப் புள்ளியை வெறித்தால் கண்ணே அதை நகர்த்திக் காட்டும். தாழ்வாக நின்று சிவப்பு, நீலம், பச்சை என்று நிறம் மாறி மின்னுவது சிரியஸ் போன்ற பிரகாசமான நட்சத்திரமாக இருக்கும்.

ஆந்திர எல்லையோர மக்கள் ராக்கெட்டை மறந்துவிடக் கூடாது. ஏவும் நேரம் முன்கூட்டியே அறிவிக்கப்படும். அதை முதலில் சரிபாருங்கள். பழவேற்காட்டிலிருந்து ஏவுதளம் வடக்கே, சற்றே மேற்காக, ஆரம்பாக்கத்திலிருந்து வடகிழக்கே. கிளம்பிய ராக்கெட் கடல் பக்கம் வளைந்து கிழக்கு, தென்கிழக்கு என்று போகும். இஸ்ரோவின் ஸ்பேடெக்ஸ் இரட்டைச் செயற்கைக்கோள்கள் 2024 டிசம்பர் 30 இரவு 10 மணிக்கு ஏவப்பட்டன. அப்படிப்பட்ட இரவுகளில் வாணியம்பாடிப் பக்கம் வரை வடகிழக்கு அடிவானத்தில் வெளிச்சம் எழும்பலாம். அந்தி நேரத்தில் ஏவினால் கீழே இருட்டாக இருக்கும்போதே மேலே வெயில்பட்ட புகை மீன்வால்போல விரிந்து ஒளிரும். அறியாதவர் பார்த்தால் மிரண்டுபோவார்.

சதுப்பில், தரையை ஒட்டி அலையும் ஒளியைக் கொள்ளிவாய்ப் பிசாசு என்று பெரியவர்கள் சொல்வார்கள். மக்கும் சேற்றிலிருந்து வரும் வாயு எரிவதாக நெடுங்காலமாக விளக்கம் உண்டு. ஆனால் ஏரியோரத்தில் தெரியும் பெரும்பாலான ஒளி படகு விளக்கோ, இறால் பண்ணை விளக்கோதான். அதைத் துரத்திச் சேற்றில் இறங்காதீர்கள். கரையில் 100 மீட்டர் இடைவெளியில் இரண்டு பேர் நின்று ஒரே நேரத்தில் திசை எடுங்கள். இரண்டு திசையும் நன்றாக விலகினால் ஒளி பக்கத்தில் இருக்கிறது. ஏறக்குறைய ஒன்றாகவே இருந்தால் அது ஏரிக்கு அப்பால்.

படம் எடுக்க விரும்பினால் கைபேசியை முக்காலியில் வைத்து, ஃபோகஸை முடிவிலியில் நிறுத்தி, ஐஎஸ்ஓ (ஒளியுணர்திறன்) 1600, ஷட்டர் 15 முதல் 20 நொடி என்று தொடர்ந்து எடுத்துக்கொண்டே இருக்க வேண்டும். வடகிழக்குப் பருவமழை மேகம் விலகினால் டிசம்பர் 13, 14 ஜெமினிட் விண்கல் மழை நமக்கு மிகத் தோதானது. நள்ளிரவு தாண்டி 2 மணி வாக்கில் அதன் மையம், அதாவது விண்கற்கள் கிளம்புவதுபோல் தெரியும் புள்ளி, தலைக்கு மேலே சற்றே வடக்காக நிற்கும். பனி கண்ணாடியை மூடிவிடும். அரைமணிக்கு ஒருமுறை துடையுங்கள். தெருவிளக்கு சட்டத்துக்குள் இருந்தால் படத்தின் நடுப்புள்ளிக்கு எதிர்ப்புறம் பச்சைப் பொட்டு விழும். அது லென்ஸுக்குள் பிறந்த ஒளி.

கடைகளின் சிசிடிவிதான் இன்று பெரிய சொத்து. பழைய பதிவின்மேல் புதியது எழுதப்படும் முன், ஓரிரு நாளுக்குள், நகல் கேளுங்கள். டிவிஆர் எனும் பதிவுப் பெட்டியின் கடிகாரம் பெரும்பாலும் தவறாக ஓடும். அதன் திரையையும் கைபேசிக் கடிகாரத்தையும் ஒரே படத்தில் எடுத்தால் வித்தியாசம் தெரிந்துவிடும்.

தரையில் ஏதாவது கிடைத்தால் நிதானம் வேண்டும். விண்கல் விழுந்து தீப்பிடிப்பதில்லை. கடைசிப் பல கி.மீ. அது அணைந்து, வேகம் குறைந்து, வெறும் கல்லாகவே விழும். 2016 பிப்ரவரியில் நாட்றம்பள்ளி அருகே ஒரு கல்லூரி வளாகத்தில் நடந்த வெடிப்பில் ஒருவர் இறந்தபோது விண்கல் என்றே அறிவிக்கப்பட்டது. படங்களைப் பார்த்த நாசா, தரையில் நடந்த வெடிப்புப்போல் இருக்கிறது என்றது. குழி, கருகல், வெடிமருந்து வாசனை இருந்தால் காவல்துறைக்குத்தான் முதல் தகவல்.

உண்மையான விண்கல்லுக்கு மெல்லிய கறுப்புத் தோல், அளவுக்கு மீறிய கனம் இருக்கும். ஓட்டை ஓட்டையாக இருந்தால் பெரும்பாலும் சூளைக் கசடு. காந்தத்தைத் தேய்த்துப் பார்க்காதீர்கள், கல்லுக்குள் இருக்கும் பழைய காந்தப் பதிவு அழியும். கழுவவும் வேண்டாம். கிடந்தபடியே பக்கத்தில் ஸ்கேல் வைத்துப் படம் எடுத்து, இடத்தைக் கைபேசியில் குறித்து, அலுமினியத் தாளில் சுற்றி, இந்தியப் புவியியல் ஆய்வுத் துறைக்குத் தெரிவியுங்கள். வலையில் உலோக உருளையோ தொட்டியோ சிக்கினால் தொடவே கூடாது. ராக்கெட் எரிபொருள்களில் சில கடும் நஞ்சு. காற்று எங்கிருந்து வீசுகிறதோ அந்தப் பக்கம் ஒதுங்கி நின்று கடலோரக் காவல் குழுமத்தை அழையுங்கள்.

பார்த்த குறிப்பை சர்வதேச விண்கல் அமைப்பின் இணையப் படிவத்தில் போடலாம். நின்ற இடம், நேரம், தொடக்கமும் முடிவும், நீடித்த நொடி, பிரகாசம், சத்தம் ஆகியவற்றைக் கேட்பார்கள். பிரகாசத்துக்கு 'வெள்ளியைவிட அதிகம்', 'முழு நிலவு அளவு', 'தரையில் நிழல் விழுந்தது' என்று ஒப்பிட்டுச் சொன்னால் போதும். நிறத்துக்கு ஒரு சொல் போதும், அதை வைத்து முடிவு கட்ட முடியாது. மேலே சொன்ன வேலைகளை அன்றே செய்திருந்தால் எல்லாக் கட்டமும் பத்து நிமிடத்தில் நிரம்பிவிடும்.