லிமொன்செல்லோ: தோல் சீவுவதில்தான் இருக்கிறது விஷயம்

லிமொன்செல்லோ என்பது எலுமிச்சைத் தோலை ஆல்கஹாலில் ஊற வைத்துச் செய்யும் இத்தாலிய இனிப்பு மது. நான் முதல்முதலில் செய்தது முழுவதும் கழுவுதொட்டிக்குள் போனது. நிறம் அழகு, மணம் அபாரம், வாயில் வைத்தால் வேப்பங்கொழுந்து. அப்போது இத்தாலியில், நாப்போலியில் (நேப்பிள்ஸ்) குடியிருந்தேன். கீழ்வீட்டு அம்மா ஒரு சொட்டு நாக்கில் வைத்துப் பார்த்துவிட்டு, "வெள்ளையையும் சேர்த்துப் போட்டாயா?" என்று கேட்டார். எலுமிச்சையில் வெள்ளை என்று ஒன்று தனியாக இருப்பதே அன்றைக்குத்தான் எனக்கு உறைத்தது.

நாப்போலிக்குத் தெற்கே சொரெந்தோ, அமல்ஃபி, காப்ரி பக்கம் வீட்டுக்கு வீடு இதைப் போடுவார்கள். சாப்பாடு முடிந்ததும் செரிக்கட்டும் என்று சின்னக் கிளாஸில் சில்லென்று ஊற்றித் தருவார்கள். வடக்கே லிகூரியாவில் இதற்கே லிமொன்சினோ என்று பெயர். புளிக்க வைப்பதோ காய்ச்சி வடிப்பதோ கிடையாது, ஊற வைப்பது மட்டும்தான். ஊறுகாய் போடும் பொறுமை இருந்தால் போதும்.

தேவையானவை: பெரிய மஞ்சள் எலுமிச்சை 7, உணவுக்கான 96 சதவீத ஆல்கஹால் 500 மி.லி., தண்ணீர் 750 மி.லி., சர்க்கரை 400 கிராம். ஏறக்குறைய ஒன்றரை லிட்டர் கிடைக்கும், 32 சதவீத வீரியத்தில்.

இத்தாலியில் இந்த ஆல்கஹாலை சூப்பர்மார்க்கெட்டிலேயே மது வரிசையில் வைத்திருப்பார்கள். துப்புரவுச் சாமான்களோடு இளஞ்சிவப்பு நிறத்தில் ஒரு ஆல்கஹால் விற்கும். அது குடிக்கக் கூடாத விஷம், பக்கத்திலேயே போகாதீர்கள். மருந்துக்கடை ஸ்பிரிட்டும் அப்படித்தான்.

பழம் வாங்கும்போது பையில் ஒட்டியிருக்கும் சீட்டைப் படியுங்கள். 'புச்சா நொன் எடிபிலே' என்று இருந்தால் தோல் உண்ணத் தகாதது என்று பொருள். மெழுகும் பூஞ்சைக்கொல்லியும் பூசியிருப்பார்கள். நமக்கு வேண்டியதே தோல்தான். மருந்து பூசாத பழமாகக் கேட்டு வாங்கி, வெதுவெதுப்பான நீரில் தேய்த்துக் கழுவி, ஈரம் போகத் துடைத்துக்கொள்ளுங்கள்.

இனி சீவுவது. எலுமிச்சையின் எண்ணெய் மஞ்சள் தோலில் உள்ள நுண்ணிய பைகளில் இருக்கிறது. அதற்கு அடியில் இருக்கும் பஞ்சு போன்ற வெள்ளைப் பகுதியில் மணம் கிடையாது, கசப்பு மட்டும்தான். நான் முதல் தடவை கத்தியால் சீவினேன், பாதிக்குப் பாதி வெள்ளை ஒட்டிக்கொண்டு வந்தது. அடுத்த தடவை துருவியில் துருவினேன். வெள்ளை வரவில்லை, ஆனால் தூள்தூளாகக் கலந்துபோய் வடிகட்டுவதற்கு ஒரு மாலைப்பொழுதே போயிற்று. இப்போது கைக்குள் அடங்குகிற, வாய் அகன்ற பீலர் தவிர வேறு எதையும் தொடுவதில்லை. புதிதாக, கூர்மையாக இருக்க வேண்டும்; மழுங்கிய பீலரில் நம்மையறியாமல் அழுத்துவோம், அழுத்தினால் வெள்ளை வந்துவிடும். சீவிய ஒவ்வொரு துண்டையும் திருப்பிப் பாருங்கள். பின்பக்கம் மஞ்சள் புள்ளிகள் தெரிந்தால் சரி. சுண்ணாம்பு அடித்த சுவர் மாதிரி இருந்தால் பலகையில் படுக்கப்போட்டுச் சின்னக் கத்தியால் வெள்ளையை வழித்துவிடுங்கள். ஏழு பழத்துக்கு எனக்கு முக்கால் மணி நேரம் ஆகிறது. அவசரம் என்றால் இன்னொரு நாள் செய்யலாம்.

தோலைக் கண்ணாடி ஜாடியில் போட்டு ஆல்கஹாலை ஊற்றி இறுக மூடுங்கள். இது சட்டென்று தீப்பிடிக்கும், அடுப்பு எரியும்போது வேண்டாம். வெளிச்சம் படாத அலமாரியில் பத்து நாள் இருக்கட்டும், தினமும் ஒருமுறை குலுக்குங்கள். நாற்பது நாள் ஊற வேண்டும் என்று சாதிப்பவர்கள் உண்டு. நான் இரண்டு விதமாகவும் செய்து பார்த்துவிட்டேன், என் நாக்குக்கு வித்தியாசம் தெரியவில்லை. தோல் வெளுத்து, மடித்தால் அப்பளம் போல நொறுங்கினால் அதில் எடுக்க இனி ஒன்றும் இல்லை. காபி வடிகட்டும் தாளில் வடித்து வையுங்கள்.

பாகுக்குக் கம்பிப் பதமெல்லாம் வேண்டாம். தண்ணீரில் சர்க்கரை கரையும் வரை சூடாக்கினால் போதும். நன்றாக ஆறிய பிறகே ஆல்கஹாலில் சேர்க்க வேண்டும்.

சேர்த்ததும் தெளிந்த மஞ்சள் கண்ணெதிரே பால் மாதிரி கலங்கும். கெட்டுப்போய்விட்டது என்று நான் பதறினேன். உண்மையில் நல்ல சரக்குக்கு அதுதான் அடையாளம். வீரியமான ஆல்கஹாலில் கரைந்திருந்த எண்ணெய், தண்ணீர் கூடியதும் கரைந்திருக்க முடியாமல் நுண்துளிகளாகப் பிரிந்து நிற்கிறது. அதைத் தெளிய வைக்கிறேன் என்று மறுபடி வடிகட்டாதீர்கள்.

பாட்டிலில் அடைத்து ஒரு மாதம் தொடாமல் வைத்தால் ஆல்கஹாலின் காரம் அடங்கும். அப்புறம் ஃப்ரீசரில்தான் இருப்பிடம்.

பிற்சேர்க்கை: ஃப்ரீசரில் கட்டியாகிவிட்டது என்று இரண்டு பேர் எழுதியிருந்தார்கள். தண்ணீர் கூடிவிட்டது அல்லது ஆல்கஹால் வீரியம் குறைவு என்று அர்த்தம். மேலே சொன்ன அளவில் செய்தால் உறையாது, கொஞ்சம் குழகுழவென்று ஆகும்.

இன்னொரு பிற்சேர்க்கை: 96 சதவீதம் கிடைக்காத ஊரில் என்ன செய்வது என்று சென்னையிலிருந்து ஒருவர் கேட்டார். 40 சதவீத வோட்கா 750 மி.லி. எடுத்து, நான்கு பழத்தின் தோலை ஒரு மாதம் ஊற வையுங்கள். பாகுக்குத் தண்ணீர் 300 மி.லி., சர்க்கரை 250 கிராம். வீரியம் 25 சதவீதம்தான் வரும், அவ்வளவாகக் கலங்காது, ஃப்ரீசரை விட ஃப்ரிட்ஜே இதற்குச் சரி. நம் சந்தையில் கிடைக்கும் சின்ன எலுமிச்சை வேறு இனம். தோல் மெல்லியது, சீவுவதற்குள் கை வலித்துவிடும். அதில் செய்தால் மணமும் வேறு மாதிரி இருக்கும், ஆனால் மோசமில்லை.

தோல் போன பழங்களை அன்றைக்கே பிழிந்து ஐஸ் தட்டில் ஊற்றி வைத்துவிடுங்கள். விட்டுவைத்தால் சீக்கிரம் வறண்டுவிடும்.