வானொலியில் பேஸ்பால்: நேர்முக வர்ணனையைக் கேட்க வழிகள்

பேஸ்பாலைக் காதால் கேட்க வேண்டும் என்பது என் கட்சி. தொலைக்காட்சி பந்தை எறியும் பிட்சரையும் மட்டை பிடிக்கும் பேட்டரையும் மாறி மாறிக் காட்டும். வானொலியில் மைதானம் முழுவதும் வரும். காற்று எந்தப் பக்கம் அடிக்கிறது, வெளிக்களத்தில் நிற்பவர் எவ்வளவு முன்னே வந்து நிற்கிறார், முதல் பேஸில், அதாவது ஓடுபவர் தொட வேண்டிய முதல் நிலையில், இருப்பவர் அடுத்ததற்கு ஓடத் தயாராக எத்தனை அடி நகர்ந்திருக்கிறார் என்பதையெல்லாம் ஒருவர் பார்த்துச் சொல்லிக்கொண்டே இருப்பார். ஒரு பந்துக்கும் அடுத்த பந்துக்கும் நடுவே பேச இடம் இருக்கும் ஆட்டம் இது. 1921 ஆகஸ்ட் 5 அன்று பிட்ஸ்பர்க் நகரின் கே.டி.கே.ஏ. நிலையத்தில் ஹெரால்ட் ஆர்லின் முதல் நேர்முக வர்ணனையைச் சொன்னார். நூறு ஆண்டுகள் கடந்தும் ஒரு பருவத்துக்கு ஓர் அணி ஆடும் 162 ஆட்டங்களும் வானொலியில் வருகின்றன. அமெரிக்காவுக்குப் புதிதாக வந்திருக்கும் தமிழர்களுக்காக, குறிப்பாகக் கிரிக்கெட் வர்ணனை கேட்டு வளர்ந்தவர்களுக்காக, நான் கேட்கும் முறைகளை இங்கே எழுதுகிறேன்.

நான் வசிப்பது இல்லினாய் மாநிலத்தின் ப்ளூமிங்டனில். வடகிழக்கே சுமார் 130 மைலில் சிகாகோ, தென்மேற்கே சுமார் 160 மைலில் செயின்ட் லூயிஸ். இரண்டையும் இணைக்கும் 55ஆம் எண் நெடுஞ்சாலை எங்கள் ஊர் வழியாகத்தான் போகிறது. ஒரே தெருவில் ஒரு வீட்டு வாசலில் கப்ஸ் கொடியும் அடுத்த வீட்டில் கார்டினல்ஸ் கொடியும் பறக்கும். வானொலியிலும் இரண்டு அணிகளும் எங்களுக்குக் கிடைக்கின்றன. கப்ஸ் ஆட்டம் சிகாகோவின் 670 கிலோஹெர்ட்ஸில், கார்டினல்ஸ் ஆட்டம் செயின்ட் லூயிஸின் கே.எம்.ஓ.எக்ஸ். நிலையத்தின் 1120 கிலோஹெர்ட்ஸில். இரண்டுமே 50,000 வாட் நிலையங்கள். அமெரிக்காவில் ஏ.எம். (மத்திய அலை) நிலையங்களுக்கு அனுமதிக்கப்படும் உச்ச சக்தி அதுதான்.

கைபேசிச் செயலியில் தொடங்காதீர்கள், ஏ.எம். வானொலியில் தொடங்குங்கள் என்றுதான் யாருக்கும் சொல்வேன். முதல் காரணம், செலவு இல்லை. இரண்டாவது, தாமதம் குறைவு. இணைய வழியில் வரும் ஒலி ஆட்டத்துக்கு அரை நிமிடமோ அதற்கு மேலோ பின்தங்கும். பக்கத்து வீட்டார் கூச்சலிட்ட பிறகு நமக்கு ஹோம்ரன் அடிக்கப்படும். ஏ.எம்.மில் மட்டை பந்தைத் தொடும் ஓசை அதைவிட வெகு சீக்கிரம் வந்து சேரும்.

நல்ல வானொலி என்றால் விலை உயர்ந்தது என்று பொருளில்லை. பேட்டரியில் ஓடுவதாக இருக்கட்டும். சுவரில் செருகும் மின்னிணைப்பு வழியாக இரைச்சலும் சேர்ந்தே வரும். பலர் மேலே இருக்கும் நீட்டுக்கம்பியை இழுத்து இழுத்துப் பார்க்கிறார்கள். அந்தக் கம்பி எஃப்.எம்.முக்கு உரியது. ஏ.எம். அலையைப் பிடிப்பது பெட்டிக்குள் படுத்திருக்கும் ஃபெரைட் தண்டு. அந்தத் தண்டின் பக்கவாட்டு நிலையத்தை நோக்கி இருந்தால் ஒலி முழுதாக வரும். முனை நோக்கினால் அடங்கிவிடும். ஆகவே கம்பியை விட்டுவிட்டு வானொலியையே மெல்லத் திருப்புங்கள். இரண்டு நிலையங்கள் ஒன்றன்மேல் ஒன்றாகக் கேட்டால், வேண்டாத நிலையத்தின் பக்கம் முனை நோக்கும்படி வையுங்கள். அது அமுங்கி, வேண்டியது மேலெழும்.

அடுத்தது வீட்டுக்குள் இருக்கும் இரைச்சல். மலிவான எல்.இ.டி. விளக்குகள், கைபேசிச் சார்ஜர்கள், விளக்கின் வெளிச்சத்தைக் கூட்டிக் குறைக்கும் சுவிட்சுகள் எல்லாம் கரகரப்பை உண்டாக்கும். ஒவ்வொன்றாக அணைத்துப் பார்த்தால் எது குற்றவாளி என்று தெரிந்துவிடும். இரும்புச் சட்டத்தில் எழுப்பிய அடுக்குமாடிக் கட்டடத்தில் இருப்பவர்கள் ஜன்னலோரம் போக வேண்டும். அதிலும் நிலையம் இருக்கும் திசையைப் பார்த்த ஜன்னலாக இருந்தால் நல்லது. இவ்வளவு செய்தும் ஒலி மெலிவாக இருந்தால் ஒரு லூப் ஏரியல் வாங்கலாம். மரச்சட்டத்தில் செப்புக்கம்பி சுற்றிய வளையம்தான் அது. வானொலியோடு எந்த ஒயரும் இணைக்க வேண்டாம். பக்கத்தில் வைத்து அதன் குமிழைத் திருப்பினாலே, அடியில் கிடந்த குரல் மேலே வரும்.

பொழுது சாய்ந்ததும் கதையே மாறுகிறது. பகலில் ஏ.எம். அலை தரையை ஒட்டியே ஓடும். மேலே போகும் அலையை அயனி மண்டலத்தின் கீழடுக்கு விழுங்கிவிடும். சூரியன் மறைந்ததும் அந்த அடுக்கு கலைந்துபோக, அதற்கு மேலுள்ள அடுக்கில் பட்டு அலை நூற்றுக்கணக்கான மைல்களுக்கு அப்பால் வந்து இறங்கும். எங்கள் வீட்டுச் சமையலறையில் சின்சினாட்டியின் 700, கிளீவ்லாந்தின் 1100 இரண்டும் இரவில் வருகின்றன. ரெட்ஸ் ஆட்டமும் கார்டியன்ஸ் ஆட்டமும் இலவசமாகக் கிடைக்கின்றன. டென்வரின் 850 கிலோஹெர்ட்ஸ் ராக்கீஸ் அணியினுடையது. அங்கே ஆட்டம் நம் கடிகாரத்துக்கு ஒரு மணி நேரம் பிந்தித் தொடங்குவதால் நன்றாக இருட்டிய பிறகு தேடிப் பார்க்கலாம்.

இதில் புதியவர்கள் திகைக்கும் ஓர் இடம் உண்டு. இரவானால் செயின்ட் லூயிஸ் இன்னும் தெளிவாகக் கேட்க வேண்டும் என்று நினைப்பார்கள். எங்கள் தொலைவில் அப்படி இல்லை. தரை வழியாக வரும் அலையும் வானில் பட்டுத் திரும்பும் அலையும் சேர்ந்தே வந்து ஒன்றையொன்று குலைக்கும். குரல் ஏறும், இறங்கும், சில நொடிகள் குழறும். வான்வழி மட்டுமே வரும் தொலைதூர நிலையம் சில இரவுகளில் அதைவிடச் சீராக இருக்கும். கே.எம்.ஓ.எக்ஸ். அப்படித் தேய்ந்தால் அலைவரிசையை மாற்றிவிடாதீர்கள், பொறுங்கள். ஒரு பேட்டர் ஆடி முடிப்பதற்குள் பெரும்பாலும் திரும்பி வந்துவிடும்.

பகல் ஆட்டங்களுக்கு இந்த வான்வழி உதவாது. கப்ஸ் அணியின் ரிக்லி மைதானத்தில் 1988 வரை மின்விளக்குகளே கிடையாது. இப்போதும் மற்ற அணிகளைவிட அவர்களுக்குப் பகல் ஆட்டங்கள் அதிகம். பிற்பகல் 1.20க்குத் தொடங்கும் ஆட்டத்தைச் சிகாகோவிலிருந்து வெகு தொலைவில் இருப்பவர் கேட்க வேண்டுமானால் அணியின் கிளை நிலையங்களைத் தேட வேண்டும். ஒவ்வோர் அணியின் இணையதளத்திலும் அந்தப் பட்டியல் இருக்கும். சிற்றூர்களில் உள்ள சிறு நிலையங்கள் பெரிய நிலையத்தின் வர்ணனையை அப்படியே எடுத்து ஒலிபரப்புகின்றன. இவற்றில் பல ஏ.எம். நிலையங்கள் மாலையானதும் சட்டப்படி சக்தியைக் குறைத்தாக வேண்டும். ஆட்டத்தின் ஒன்பது இன்னிங்ஸில் ஏழாவதில் குரல் திடீரென்று மெலிந்தால் உங்கள் வானொலியைக் குறை சொல்லாதீர்கள்.

காரில் ஏ.எம். இருந்தால் அதைவிடச் சிறந்த வானொலி வேறில்லை. வெளியே ஏரியல், சுற்றிலும் திறந்தவெளி. சில மின்சாரக் கார்களில் மோட்டாரின் மின் இரைச்சலைக் காரணம் காட்டி ஏ.எம்.மையே எடுத்துவிட்டார்கள். கார் வாங்கப் போகிறவர்கள் இதையும் ஒரு கேள்வியாகக் கேட்டு வையுங்கள். செயற்கைக்கோள் வானொலியான சிரியஸ் எக்ஸ்.எம். சந்தா இருந்தால் எல்லா அணிகளின் ஆட்டங்களும் நாடு முழுவதும் தேயாமல் வரும். பெரும்பாலும் உள்ளூர் அணியின் வர்ணனையாளர்தான் கிடைப்பார்.

இனி இணையம். வானொலி நிலையத்தின் சொந்தத் தளத்தில் நேரலை இருக்கிறதே என்று போனால், அந்த அணியின் பகுதிக்கு வெளியே இருப்பவர்களுக்கு ஆட்ட நேரத்தில் வேறு நிகழ்ச்சி ஒலிக்கலாம். உரிமம் அப்படி. அதற்கு மாற்று, மேஜர் லீக் பேஸ்பால் அமைப்பின் எம்.எல்.பி. செயலியில் உள்ள ஒலிச் சந்தா. ஆண்டுக்கு சுமார் 30 டாலர். 30 அணிகளின் ஆட்டங்களும் அதில் உண்டு. உள்ளூர் அணியின் வர்ணனை வேண்டுமா, வந்திருக்கும் அணியின் வர்ணனை வேண்டுமா என்று நீங்களே தேர்ந்தெடுக்கலாம். சில அணிகளுக்கு ஸ்பானிஷ் வர்ணனையும் இருக்கிறது. காட்சி ஒளிபரப்பில் உள்ளூர் ஆட்டங்களை மறைத்துவைக்கும் தடை இதற்கு இல்லை. மணிக்கு 30 முதல் 60 எம்.பி. வரைதான் செலவாகும் என்பதால் வைஃபை இல்லாத இடத்திலும் கவலையில்லை. வீடியோ சந்தா வைத்திருப்பவர்கள் படத்தின் மேல் வானொலி வர்ணனையை ஓடவிடும் வசதியையும் தேடிப் பாருங்கள். படமும் குரலும் பொருந்தியே வரும். சாதாரணத் தொலைக்காட்சியை ஊமையாக்கிவிட்டு ஏ.எம். கேட்டால் குரல் படத்துக்கு முன்னே ஓடிவிடும்.

மைதானத்துக்கே வானொலி எடுத்துப் போவதும் நல்ல பழக்கம். 1958இல் டாட்ஜர்ஸ் அணி லாஸ் ஏஞ்சலஸுக்கு வந்தபோது, பிரம்மாண்டமான கொலிசியம் அரங்கில் தூரத்து இருக்கைக்காரர்கள் டிரான்சிஸ்டரில் வின் ஸ்கல்லியின் குரலைக் கேட்டபடிதான் ஆட்டம் பார்த்தார்கள். அவர் 1950 முதல் 2016 வரை 67 பருவங்கள் அந்த அணிக்காகப் பேசியவர். மைதானத்தில் கேட்க ஏ.எம். மட்டுமே சரி. செயலியைக் காதில் வைத்துக்கொண்டால் கண் முன்னே முடிந்துபோன ஆட்டத்தைக் காது மறுபடியும் நடத்தும்.

அலை வந்து சேர்ந்தால் போதாது, காதும் பழக வேண்டும். என் அப்பா கோடையில் எங்களோடு வந்து தங்குவார். திருநெல்வேலியில் பொங்கல் சமயத்துச் சேப்பாக்கம் டெஸ்ட்டைத் தமிழ் வர்ணனையில் கேட்டவர். அவரைத் தொலைக்காட்சி முன் உட்காரவைத்தபோது ஆட்டம் அவருக்குப் பிடிபடவில்லை. வானொலியைக் கையில் கொடுத்ததும் பிடித்துக்கொண்டார். “எத்தனை அவுட் அம்மா?” என்று அவர் கேட்கும்போதெல்லாம் நான் பதில் சொல்வதில்லை, “இருங்கள் அப்பா, அவரே சொல்வார்” என்பேன். நல்ல வர்ணனையாளர் ஸ்கோரைத் திரும்பத் திரும்பச் சொல்வார். அந்தக் கால வானொலி வர்ணனையாளர் ரெட் பார்பர் அதற்காகவே மூன்று நிமிட மணல் கடிகாரம் ஒன்றை மேசையில் வைத்திருந்தார். மணல் தீர்ந்ததும் ஸ்கோரைச் சொல்லிவிட்டுத் திருப்பி வைப்பார்.

“டூ அண்ட் ஒன்” என்றால் முதல் எண் பால் (எல்லைக்கு வெளியே போய், பேட்டர் மட்டை வீசாமல் விட்ட பந்து), இரண்டாவது எண் ஸ்டிரைக் (எல்லைக்குள் வந்தும் விட்ட பந்து, அல்லது மட்டை வீசித் தவறிய பந்து). நான்கு பால் ஆனால் பேட்டர் முதல் பேஸுக்கு நடந்து போகலாம். மூன்று ஸ்டிரைக் ஆனால் அவுட். “த்ரீ அண்ட் டூ” வரும்போது கூட்டத்தின் இரைச்சல் உயர்வதைக் கவனியுங்கள். எதுவானாலும் அடுத்த பந்தில் ஆகலாம். ஒரு தாளில் சாய்சதுரம் வரைந்து, களத்தில் நிற்பவர்களுக்கு எண் போட்டுக்கொள்ளுங்கள். பிட்சர் 1, பேட்டருக்குப் பின்னால் பந்தைப் பிடிக்கும் கேட்சர் 2, முதல் பேஸ் 3, இரண்டாவது பேஸ் 4, மூன்றாவது பேஸ் 5, இரண்டாவது பேஸுக்கும் மூன்றாவது பேஸுக்கும் நடுவே நிற்கும் ஷார்ட்ஸ்டாப் 6, இடது, நடு, வலது வெளிக்களம் 7, 8, 9. ஷார்ட்ஸ்டாப் பந்தை எடுத்து இரண்டாவது பேஸுக்கு எறிய, அங்கிருந்து முதல் பேஸுக்குப் போய் இருவர் அவுட்டானால் 6-4-3 என்று எழுதுங்கள். அப்பா இதை ஒரு கோடுபோட்ட நோட்டில் ஆட்டந்தோறும் எழுதுகிறார். எழுதும் கை இருந்தால் காது அலையாது. 2023இல் பிட்சருக்கு நேரக் கட்டுப்பாடு வந்த பிறகு ஒரு சராசரி ஆட்டம் சுமார் இரண்டே முக்கால் மணி நேரத்துக்குள் முடிந்துவிடுகிறது. வயதானவர்களுக்கும் அது தாங்கும்.

இன்னொன்றும் வற்புறுத்திச் சொல்வேன்: ஒரு பருவம் முழுவதும் ஒரே குரலைப் பின்தொடருங்கள். 1996 முதல் கப்ஸ் அணிக்குப் பேசிவரும் பாட் ஹியூஸ் ஆட்டத் தொடக்கத்தில் இரு அணிகளின் சீருடையையும் தொப்பியின் நிறம் வரை விவரிப்பார். வானொலி கேட்பவருக்கு இதைவிடப் பெரிய மரியாதை என்ன? எங்கள் பகுதியின் முதியவர்கள் ஹாரி கேரியைப் பற்றிப் பேசுவார்கள். 1945 முதல் 1969 வரை கார்டினல்ஸின் குரலாக இருந்துவிட்டுப் பின்னாளில் சிகாகோவுக்குப் போய்க் கப்ஸின் குரலானவர். அவருக்குப் பிறகு செயின்ட் லூயிஸில் ஜாக் பக். இந்தப் பெயர்களைத் தெரிந்துவைத்துக்கொண்டால் தெருவில் எந்த வீட்டு வாசலிலும் பேச்சு தொடங்கிவிடும்.

விடுமுறையில் ஊருக்குப் போகிறவர்கள் நேரக் கணக்கைக் குறித்துக்கொள்ளுங்கள். கோடையில் இந்திய நேரம் எங்கள் நேரத்தைவிடப் பத்தரை மணி நேரம் முந்தியது. ரிக்லியின் 1.20 ஆட்டம் அங்கே இரவு 11.50க்குத் தொடங்கும். செயின்ட் லூயிஸில் மாலை 6.45க்குத் தொடங்குவது மறுநாள் அதிகாலை 5.15. இரண்டாவதுதான் வசதி, காபி போடும்போது முதல் இன்னிங்ஸ் ஓடும்.

சந்தாவும் வேண்டாம், ஏ.எம்.மும் எட்டவில்லை என்பவர்களுக்குச் சிறு லீக் அணிகள் இருக்கின்றன. பெரும்பாலான அணிகள் தங்கள் இணையதளத்தில் வர்ணனையை இலவசமாகவே தருகின்றன. எங்களுக்குப் பக்கத்தில் பியோரியா சீஃப்ஸ். கார்டினல்ஸின் இளம் வீரர்கள் வளரும் அணி. கப்ஸின் இளைஞர்கள் ஆடும் சவுத் பெண்ட் அணியும் அதே லீக்தான். இந்த இரண்டும் மோதும் நாளை அட்டவணையில் பார்த்துக் குறித்துவைத்துக்கொள்ளுங்கள். வர்ணனையாளர் பெரும்பாலும் ஒருவராகவே இருப்பார். கூட்டம் குறைவு என்பதால் மட்டையின் ஓசையும் கேட்சரின் கையுறையில் பந்து விழும் ஓசையும் நன்றாகக் கேட்கும். ஏப்ரல் தொடக்கம் முதல் செப்டம்பர் வரை, திங்கட்கிழமை தவிர ஏறக்குறைய தினமும் ஆட்டம் உண்டு.