கல்யாண வரவேற்பில் குடிக்க என்ன, எவ்வளவு, எப்படி?

வரவேற்புக்குப் பானம் ஏற்பாடு செய்யும் பொறுப்பு தலையில் விழுந்ததும், பெரும்பாலானவர்கள் முதலில் உட்கார்ந்து ஜூஸ் வகைகளைப் பட்டியல் போடுவார்கள். நானும் அப்படித்தான் செய்தேன். என் சித்தி மகன் வரவேற்பில் ஐந்து வகை ஜூஸ் வைத்தோம். தண்ணீர் ஒரே ஒரு மூலையில். சாப்பிட்டு முடித்தவர்கள் எல்லாரும் அந்த மூலையைத் தேடி அலைந்தார்கள். ஜூஸில் இரண்டு வகை திறக்காமலே வீட்டுக்குத் திரும்பி வந்தது. அதன்பிறகு, வகைகளைக் கடைசியில்தான் எடுக்கிறேன். கீழே உள்ள வரிசையும் அப்படித்தான் இருக்கும்.

படி 1: தலை எண்ணிக்கையோடு நேரத்தையும் எண்ணுங்கள்

அழைப்பிதழ் எண்ணிக்கை வேண்டாம். வருவார்கள் என்று நீங்கள் நம்பும் எண்ணிக்கையை எழுதுங்கள். குழந்தைகளைத் தனியாக எழுதுங்கள். அப்புறம் முக்கியமான கேள்வி: ஒருவர் எவ்வளவு நேரம் இருப்பார்?

நான் வைத்திருக்கும் தோராயக் கணக்கு இது: முதல் ஒரு மணி நேரத்தில் ஆளுக்கு இரண்டு கிளாஸ், அதன்பிறகு மணிக்கு ஒன்று. தண்ணீர், ஜூஸ், காபி எல்லாம் இதில் அடக்கம்.

200 பேர் உட்கார்ந்து நான்கு மணி நேரம் இருக்கிறார்கள் என்றால் ஆளுக்கு ஐந்து கிளாஸ், மொத்தம் 1,000. அதே நான்கு மணி நேர நிகழ்ச்சிக்கு 500 பேர் வந்து, வாழ்த்தி, சாப்பிட்டு ஒன்றரை மணி நேரத்தில் கிளம்பிவிடுவார்கள் என்றால் ஆளுக்கு இரண்டரை, மொத்தம் 1,250. கூட்டம் இரண்டரை மடங்கு. பானமோ கால்பங்குதான் அதிகம். இது தெரியாமல் தலைக்கு இத்தனை என்று ஆர்டர் கொடுத்தால் ஒன்று மிஞ்சும், இல்லை பற்றாமல் போகும்.

படி 2: மண்டபத்தில் கேட்க வேண்டியவை

எதையும் வாங்குவதற்கு முன் இதை முடித்துவிடுங்கள். வெளியிலிருந்து பானம் கொண்டுவர அனுமதி உண்டா? நீங்கள் வாங்கி வரும் பாட்டில்களைத் திறந்து ஊற்றுவதற்குத் தனிக் கட்டணம் கேட்பார்களா? கிளாஸும் டிரேயும் யார் பொறுப்பு, யார் கழுவுவார்கள்? குளிர்பெட்டி இருக்கிறதா, காபி இயந்திரத்துக்கு மின் இணைப்பு எங்கே? சாப்பாட்டு ஒப்பந்தத்தில் தண்ணீரும் காபியும் சேர்ந்திருக்கிறதா? வாய்ச்சொல்லாகக் கேட்டால் எல்லாவற்றுக்கும் "இருக்கு, பார்த்துக்கலாம்" என்றுதான் பதில் வரும். எழுதி வாங்கிக்கொள்ளுங்கள்.

படி 3: தண்ணீர்

1,000 கிளாஸில் பாதியைத் தண்ணீருக்கு ஒதுக்குங்கள். 200 மில்லி கிளாஸ் என்றால் 500 கிளாஸுக்கு 100 லிட்டர், அதாவது 20 லிட்டர் கேன் ஐந்து. வெயில் காலமாகவோ ஆட்டம் பாட்டமாகவோ இருந்தால் இன்னும் மூன்று கேன் கூட்டிக்கொள்ளுங்கள். மிஞ்சினால் யாருக்கும் நஷ்டமில்லாத ஒரே பானம் தண்ணீர்தான்.

சிறு பாட்டில்களாகக் கொடுப்பது சுலபம்போலத் தெரியும். ஆனால் பாதி குடித்துவிட்டு எங்கோ வைத்து, எது தன்னுடையது என்று தெரியாமல் இன்னொன்றைத் திறப்பார்கள். உட்கார்ந்து சாப்பிடும் இடத்தில் மேசைக்கு ஒரு ஜக், கூடத்தில் குறைந்தது இரண்டு இடத்தில் குழாய் வைத்த கேன் என்பது என் தேர்வு. குளிர்ந்த தண்ணீரோடு சாதாரண தண்ணீரும் வேண்டும். பெரியவர்கள் பலர் அதைத்தான் கேட்பார்கள்.

படி 4: யார், எங்கே ஊற்றிக் கொடுப்பது

நான் பார்த்த வரவேற்புகளில் வந்த முணுமுணுப்பு பெரும்பாலும் பானம் ருசியில்லை என்பதற்காக வந்ததில்லை. வரிசையில் நின்றதற்காக வந்தது.

ஒருவர் ஒரு கிளாஸ் ஊற்றி நீட்ட 15 நொடி ஆகிறது என்று வைத்துக்கொள்வோம். நிமிடத்துக்கு நான்கு, அரை மணி நேரத்தில் 120. உங்கள் 200 விருந்தினரும் அந்த முதல் அரை மணி நேரத்தில் வந்தால் ஒரு கவுண்டர் போதாது, இரண்டு பேர் வேண்டும். காபிக்குப் பால், சர்க்கரை கேட்டுக் கலக்கிக் கொடுத்தால் 30 நொடி. அதற்கு நான்கு பேர்! ஆள் கிடைக்காவிட்டால் வேலையைக் குறையுங்கள்: சர்க்கரையைத் தனியாக வைத்து அவரவர் போட்டுக்கொள்ளட்டும், ஜூஸை முன்கூட்டியே ஊற்றி டிரேயில் அடுக்குங்கள்.

வரவேற்புப் பானத்தைச் சுற்றிக் கொண்டுபோய்க் கொடுங்கள், பிறகு வருவதை மேசையில் வைத்து அவரவரே எடுக்க விடுங்கள். இந்தக் கலவை நன்றாக வேலை செய்கிறது. மேசையை நுழைவாயிலை ஒட்டி மட்டும் போடாதீர்கள். வருகிறவர்களும் நிற்கிறவர்களும் அங்கேயே முட்டிக்கொள்வார்கள்.

கிளாஸ் ஆளுக்குக் குறைந்தது மூன்று வேண்டும், நடுவில் கழுவ வசதி இருந்தால் இரண்டு. பக்கத்திலேயே காலிக் கிளாஸ் வைக்க ஒரு தட்டும் குப்பைக்கூடையும். இதை எல்லாரும் மறப்பார்கள்.

படி 5: இப்போது வகைகள்

சரி, மீதி 500 கிளாஸ். 300 குளிர்ந்தது, 200 சூடானது என்று பிரித்துப் பார்க்கலாம். குளிர்ந்தது 60 லிட்டர். சூடானது 150 மில்லி கப்பில் 30 லிட்டர். குளிர்காலமென்றால் இந்த விகிதத்தை மாற்றுங்கள்.

குளிர்பானத்தில் இரண்டு வகை போதும், மூன்றாவதாகச் சர்க்கரை சேர்க்காத ஒன்று. வகை கூடக் கூட ஒவ்வொன்றிலும் கொஞ்சம் மிஞ்சும். விருந்தினர் யோசிக்கும் நேரமும் வரிசையில் சேரும். எதில் பால் இருக்கிறது, எதில் சர்க்கரை இல்லை என்று ஒரு அட்டையில் பெரிதாக எழுதி வைத்தால், சர்க்கரை நோய் உள்ளவர் பத்துப் பேர் முன்னால் அதைச் சொல்லிக் கேட்க வேண்டியதில்லை.

புதிதாகப் பிழிந்த ஜூஸும் பால் கலந்த பானமும் 5 டிகிரி செல்சியஸுக்குக் கீழே இருக்க வேண்டும். குளிர்ச்சியில்லாமல் இரண்டு மணி நேரத்துக்கு மேல் வெளியே நின்றதைக் கீழே கொட்டிவிடுங்கள். பால் கலந்த காபி, டீ 60 டிகிரிக்கு மேல் சூடாகவே இருக்கட்டும். ஒரே பெரிய பாத்திரமாக வைக்காமல் சிறிது சிறிதாக வெளியே எடுத்தால் இந்தப் பிரச்சினை பாதி தீரும்.

படி 6: ஐஸ் கணக்கு

இதைக் குத்துமதிப்பாக விடுவதால்தான் கடைசி நேர ஓட்டம். ஒரு லிட்டர் பானத்தை 30 டிகிரியிலிருந்து 5 டிகிரிக்குக் கொண்டுவரச் சுமார் 25 கிலோகலோரி வெப்பத்தை எடுக்க வேண்டும். ஒரு கிலோ ஐஸ் உருகும்போது சுமார் 80 கிலோகலோரியை உறிஞ்சுகிறது. அப்படியானால் லிட்டருக்குச் சுமார் 300 கிராம், நம் 60 லிட்டருக்கு 18 கிலோ. வெளிக்காற்றில் வீணாவதைச் சேர்த்து இரண்டு மடங்காக, 36 கிலோ வாங்குங்கள். கிளாஸுக்குள் போடும் ஐஸ் தனி. அது குடிநீரில் செய்ததாக இருக்க வேண்டும், பாட்டில் ஊறிய தொட்டியிலிருந்து அள்ளக் கூடாது.

தொட்டியில் வெறும் ஐஸை மட்டும் கொட்டாமல் தண்ணீரும் ஊற்றுங்கள். பாட்டிலைச் சுற்றி முழுவதும் குளிர் படுவதால் சீக்கிரம் குளிரும். அவசரமென்றால் உப்பு போடலாம், வெப்பநிலை இன்னும் இறங்கும்.

படி 7: மது உண்டா இல்லையா

இதை முதலில் இரு வீட்டாரும் பேசி முடித்துவிடுங்கள். வேண்டாம் என்று முடிவானால் அதற்கு விளக்கம் சொல்லத் தேவையில்லை. உண்டு என்றால் அந்த இடத்துச் சட்டம், உரிமம், வயது வரம்பு, மண்டப விதி நான்கையும் விசாரியுங்கள்.

செலவு யாருடையது என்பதற்கு நான்கு வழி இருக்கிறது: எல்லாம் உங்கள் செலவு, குறிப்பிட்ட சில வகைகள் மட்டும் உங்கள் செலவு, ஒரு தொகை தீரும்வரை அல்லது ஒரு நேரம்வரை, அவரவர் காசு கொடுத்து வாங்குவது. கடைசியானது எனக்குப் பிடிக்காது, கூப்பிட்டுவிட்டு பர்ஸைத் திறக்கச் சொல்வது சங்கடம். அப்படித்தான் என்றால் முன்பே தெரிவித்துவிடுங்கள். இரண்டாவது வழி செலவையும் கூத்தையும் சேர்த்து அடக்கும்.

750 மில்லி ஒயின் பாட்டிலில் 150 மில்லியாக ஐந்து கிளாஸ் வரும். திறக்காததைத் திருப்பி எடுத்துக்கொள்ளும் கடையாகப் பாருங்கள். நிகழ்ச்சி முடிய ஒரு மணி நேரம் முன்பே ஊற்றுவதை நிறுத்துங்கள், குடித்தவர்கள் வீடு திரும்ப வண்டி ஏற்பாடு செய்யுங்கள். காபி குடித்தால் போதை இறங்கும் என்பது தவறு. அது தூக்கத்தை விரட்டும், அவ்வளவுதான்.

படி 8: அன்றைக்கு

மணமக்களின் பெற்றோர் அல்லாத ஒருவரிடம் முழுப் பொறுப்பையும் கொடுங்கள். தண்ணீர் கேன் எத்தனை மீதி, ஐஸ் எப்போது வரும், யாரைக் கூப்பிட வேண்டும் என்பது ஒரு தாளில் அவர் சட்டைப்பையில் இருக்கட்டும். இரண்டு கேன் ஒளித்து வையுங்கள், கடைசி ஒரு மணி நேரத்துக்கு. உபசரிக்கும் ஆட்கள், போட்டோ எடுப்பவர்கள், ஓட்டுநர்கள் ஆகியோருக்கும் கணக்கில் இடம் விடுங்கள்.

மணமக்கள் நிற்கும் இடத்துக்குப் பின்னால் மூடி போட்ட தண்ணீர் பாட்டில் இரண்டு, ஸ்ட்ராவோடு. உடையில் சிந்தாது.