ஆன்டிகனியைக் குறும்படமாக எடுக்க: காவலாளியிலிருந்து தொடங்குங்கள்

சோஃபக்ளிஸின் ‘ஆன்டிகனி’ கி.மு. 441 வாக்கில் ஏதென்ஸில் மேடையேறிய நாடகம். தீப்ஸ் நகரத்து ஆட்சிக்காக அண்ணனும் தம்பியும் ஒருவரையொருவர் கொன்று சாகிறார்கள். புது அரசன் கிரியோன் ஒருவனை மரியாதையோடு அடக்கம் செய்துவிட்டு, படையெடுத்து வந்த பாலினைசிஸ் மேல் ஒரு பிடி மண்கூட விழக்கூடாது என்கிறான். சகோதரி ஆன்டிகனி போய் மண் போடுகிறாள்.

கிரியோனின் மகனும் ஆன்டிகனிக்கு நிச்சயிக்கப்பட்டவனுமான ஹேமனின் காதல், குருட்டுக் குறிசொல்லி, கடைசியில் அடுத்தடுத்து மூன்று சாவு என்று எல்லாவற்றையும் 12 நிமிடத்தில் திணித்தால் கதைச்சுருக்கம்தான் மிஞ்சும். ஒரே ஒரு ஆளைப் பிடியுங்கள். நான் பிடிப்பது பாலினைசிஸின் பிணத்துக்குக் காவல் நிற்கும் காவலாளியை. பயந்து பயந்து வந்து அரசனிடம் அவன் சொல்வதைக் கவனியுங்கள்: மண்வெட்டி பட்ட தடம் இல்லை, வண்டித் தடம் இல்லை, தரை காய்ந்து கெட்டியாகக் கிடக்கிறது, பிணத்தின் மேல் மெல்லிய புழுதி மட்டும். இதைவிட நல்ல முதல் ஷாட் எங்கே கிடைக்கும்? பிறகு அந்தப் புழுதியைத் துடைத்துவிட்டு, நாற்றம் அடிக்காத மேட்டில் உட்கார்ந்து காவல் காக்கிறார்கள், உச்சிவெயிலில் புழுதிக்காற்று கிளம்பி அடங்குகிறது, பார்த்தால் குஞ்சுகளைப் பறிகொடுத்த பறவை மாதிரி கதறிக்கொண்டு அவள் நிற்கிறாள்.

இன்றைய காலத்துக்கு மாற்றுவதென்றால் கையில் செல்போன் கொடுப்பது அல்ல. இன்று யார் உடலைத் தர மறுக்கிறார்கள், எந்த உத்தரவைக் காட்டி மறுக்கிறார்கள் என்று முதலில் முடிவு செய்யுங்கள். ஒரு மார்ச்சுவரி, வாசலில் இரவு ஷிஃப்ட் செக்யூரிட்டி, உள்ளே யாருக்கும் ஒப்படைக்கக்கூடாத ஓர் உடல், சரி, களம் ரெடி. வாசலில் காத்திருக்கும் மற்ற குடும்பங்கள்தான் கோரஸ், அதாவது கிரேக்க நாடகத்தில் நடப்பதைப் பார்த்துக் கருத்துச் சொல்லும் ஊர்க்கூட்டம். முதலில் அதிகாரி பக்கம் பேசுவார்கள், அப்புறம் மெல்ல மாறுவார்கள். அதிகாரியை வில்லனாக்கிவிடாதீர்கள். கிரியோனின் ஊர் நேற்றுதான் முற்றுகையிலிருந்து தப்பியது, அவன் பயத்திலும் நியாயம் இருக்கிறது, அவன் வசனத்தைத்தான் முதலில் எழுத வேண்டும், அதைப் படித்து நீங்களே தலையாட்டும் வரை திருத்துங்கள்.

வசனத்தை மொழிபெயர்ப்பு நூலிலிருந்து எடுக்க வேண்டாம். மூலத்துக்குக் காப்புரிமை கிடையாது, சமீபத்திய மொழிபெயர்ப்புகளுக்குப் பெரும்பாலும் உண்டு.

சாவையும் காட்ட வேண்டாம். கிரேக்க மேடையில் பெரும்பாலும் அது உள்ளேதான் நடக்கும், தூதன் வந்து சொல்வான். மகன் ஹேமன் இறந்த சேதியைக் கேட்ட கிரியோனின் மனைவி யூரிடிசி ஒரு வார்த்தை பேசாமல் உள்ளே போய்விடுகிறாள், அந்த மௌனத்துக்குப் பட்ஜெட்டே தேவையில்லை.

படத்தை எங்கே முடிப்பது? ஆன்டிகனியைப் பிடித்துக் கொடுத்ததும், தான் தப்பித்தது சந்தோஷம், வேண்டியவரை மாட்டிவிட்டது வேதனை என்று காவலாளி ஒரே மூச்சில் சொல்கிறான். அங்கேயே முடியுங்கள், கேமரா அவன் முகத்திலேயே இருக்கட்டும்.