இடதுகை .22 ரைஃபிள்: வாங்குவதற்கு முன் சோதித்துப் பார்க்கும் முறை

இடதுகைக்காரருக்கான ரைஃபிள் என்று சொல்லித் தந்தால், போல்ட்டின் (தோட்டாவை உள்ளே தள்ளி மூடும் உருளை) பிடி இடப்பக்கம் இருக்கிறதா என்று பார்ப்பதோடு பலர் நின்றுவிடுகிறார்கள். பிடி இடம் மாறினாலும் தோளில் தாங்கும் கட்டை, தவறிச் சுடாமல் தடுக்கும் சேஃப்டி, கன்னம் பதியும் கன்ன மேடு எல்லாம் வலதுகைக்காரருக்காகச் செய்தபடியே இருப்பதுண்டு. கையில் வாங்கியதும் மேகசினைக் கழற்றி, போல்ட்டைத் திறந்து, சேம்பர் (தோட்டா அமரும் அறை) காலியா என்று கண்ணாலும் சுண்டுவிரலாலும் உறுதி செய்யுங்கள். பரிசோதனை அதற்குப் பிறகுதான்.

அதற்கும் முன்பு, நீங்கள் எந்தத் தோளில் சுட வேண்டியவர் என்பது தெரிந்திருக்க வேண்டும். அதைத் தீர்மானிப்பது கையை விடக் கண்தான். இரு கைகளையும் நீட்டி, பெருவிரல்களுக்கும் ஆள்காட்டி விரல்களுக்கும் நடுவே சின்ன இடைவெளி விட்டு, இரு கண்களையும் திறந்தபடி அதன் வழியே தூரத்துப் பொருள் ஒன்றைப் பாருங்கள். பிறகு ஒவ்வொரு கண்ணாக மூடுங்கள். எந்தக் கண் மட்டும் திறந்திருக்கும்போது பொருள் இடைவெளிக்குள்ளேயே நிற்கிறதோ, அதுவே உங்கள் மேலோங்கிய கண். வலது கையால் எழுதினாலும் இடது கண் மேலோங்கியிருந்தால், தொடக்கத்திலேயே இடது தோளில் பழகுவது நல்லது.

வலதுகை ரைஃபிளை இடது தோளில் வைத்துச் சமாளிக்கலாமே என்று கேட்கலாம். சமாளிக்கலாம், ஆனால் .22 போன்ற ரிம்ஃபயர் வகையில் ஒரு விஷயத்தை மறக்கக் கூடாது. இந்தத் தோட்டாவில் பற்றவைக்கும் மருந்து அடிப்பகுதியின் விளிம்புக்குள் இருக்கிறது. போல்ட்டின் ஊசி அடித்ததும் நசுங்க வேண்டும் என்பதால் அந்த விளிம்பு மெல்லிய உலோகம். எப்போதாவது தோட்டாவின் உலோகக் கூடு வெடிப்பது பெரும்பாலும் அங்கேதான். அப்போது வாயுவும் உலோகத் துகளும் கூடு வெளியேறும் வாய் வழியாகச் சீறும். வலதுகை ரைஃபிளில் அந்த வாய் வலப்பக்கம் இருக்கிறது. இடது தோளில் வைத்துச் சுடுபவரின் முகமும் கட்டைக்கு அதே பக்கம்தான். எந்த ரைஃபிளாக இருந்தாலும் பாதுகாப்புக் கண்ணாடி கட்டாயம். இந்த நிலையில் இரட்டிப்புக் கட்டாயம்.

விதிவிலக்கு ஒன்று உண்டு. மேசையில் தாங்கி மேல் வைத்து ஒவ்வொன்றாகக் குறிபார்த்துச் சுடுபவருக்கு வலப்பக்க போல்ட்டே வசதியாகப் படலாம். இடது கை ட்ரிகர் பிடியை விடாமல் இருக்க, சும்மா இருக்கும் வலது கை போல்ட்டை இயக்கும். முயல் வேட்டையில் இந்த வசதி கிடையாது. முன்னால் தாங்கும் வலது கையை எடுத்தால் குழல் தொங்கிவிடும்.

கட்டையைக் கவனமாகப் பாருங்கள். பழைய பாணிக் கட்டைகளில் கன்ன மேடு ஒரு பக்கம்தான் இருக்கும். இடது தோளில் சுடுபவருக்கு அது வலப்பக்கம் இருக்க வேண்டும். பிடியில் உள்ளங்கைக்கான புடைப்பு இருந்தால் அது இடப்பக்கம் வேண்டும். பின்புறமிருந்து குழலின் நேர்க்கோட்டில் பார்த்தால், வலதுகைக் கட்டை சில சமயம் வலப்பக்கம் லேசாகச் சாய்ந்திருக்கும். இடது கண்ணுக்கு அது எதிரி. கண்ணை மூடிக்கொண்டு ரைஃபிளைத் தோளில் ஏற்றி, கன்னத்தைப் பதித்து, பிறகு கண்ணைத் திறவுங்கள். ஸ்கோப்பில் (குறிபார்க்கும் தொலைநோக்கி) வட்டம் முழுதாகத் தெரிய வேண்டும். ஓரத்தில் கருநிழல் பிறை போல நின்றால் கட்டை உங்களுக்குச் சரியில்லை, அல்லது ஸ்கோப்பின் உயரமோ இடமோ மாற வேண்டும்.

அடுத்து, கன்னத்தை எடுக்காமல் போல்ட்டை இருபது முறை இயக்குங்கள். விரல் முட்டி ஸ்கோப்பின் கண்பகுதியில் இடிக்கிறதா? செக் நிறுவனமான சிஇசட்டின் 457 ரைஃபிளில் பிடியை 60 பாகை தூக்கினால் போதும். அதற்கு முந்தைய 455இல் 90 பாகை. பெரிய கண்பகுதி கொண்ட ஸ்கோப்பைத் தாழ்வாகப் பொருத்த நினைப்பவருக்கு இந்த வேறுபாடு முக்கியம். சேஃப்டியை ட்ரிகர் கையின் பெருவிரலாலேயே தள்ள முடிகிறதா, சத்தமின்றி நகர்கிறதா என்று பாருங்கள். சில தயாரிப்புகளில் போல்ட் மட்டும் இடப்பக்கம் மாறி, சேஃப்டி வலப்பக்கமே நின்றுவிடும்.

ட்ரிகரைச் சோதிக்கும்போது வெறும் சேம்பரில் இழுக்காதீர்கள். பல ரிம்ஃபயர்களில் ஊசி சேம்பரின் விளிம்பிலேயே மோதி அங்கே பள்ளம் விழும். ஸ்நாப் கேப் என்னும் போலித் தோட்டாவைப் போட்டுச் சோதியுங்கள். வேட்டைக்கும் குறிக்கும் சேர்த்துப் பயன்படுவதற்கு 1 முதல் 1.5 கிலோ இழுவிசை பொருந்தும். இழுக்கும்போது நடுவில் சொரசொரப்பு இருக்கக் கூடாது. ஸ்நாப் கேப் உள்ளே இருக்கும்போதே போல்ட்டை வேகமாக மூடியும், கட்டையின் அடிப்பகுதியைக் கையால் தட்டியும் பாருங்கள். ஊசி தானாக விழுந்தால் அந்த ரைஃபிளை அப்படியே திருப்பிக் கொடுத்துவிடுங்கள். அதில் பேரம் பேச எதுவும் இல்லை.

பழைய ரைஃபிளென்றால் சேம்பர் விளிம்பை டார்ச் ஒளியில் பாருங்கள். ஊசி இடித்த பள்ளம் இருந்தால், அதன் ஓரத்தில் எழும் பிசிறு தோட்டா உள்ளே போவதைத் தடுக்கும், கூடு வெளியே வருவதையும் இறுக்கும். சின்னப் பிசிறைப் பழுது பார்ப்பவர் சரிசெய்துவிடுவார். ஆழமான பள்ளம் இருந்தால் விலையைக் குறைத்துக் கேட்க நியாயம் உண்டு. குழல்வாயின் ஓரத்தில் காதுப் பஞ்சுக் குச்சியை உள்ளிருந்து வெளியே சுற்றிலும் இழுங்கள். பஞ்சு நூல் சிக்கும் இடத்தில் சேதம் இருக்கிறது. வெளியேறும் நொடியில் வாயு ஒரு பக்கம் முன்னதாகக் கசிந்தால் குண்டு தடம் மாறும்.

குழலில் பொறித்த எழுத்தையும் படியுங்கள். .22 எல்.ஆர். (லாங் ரைஃபிள்) வேறு, .22 மேக்னம் வேறு. ஒன்றில் மற்றதைப் போடக் கூடாது. போட்டிக்காக இறுக்கமாகச் செய்த மேட்ச் சேம்பர் என்றால் இரண்டு எச்சரிக்கை. சுடாத தோட்டாவை வெளியே இழுத்தால் குண்டு குழலில் சிக்கிக்கொண்டு, வெடிமருந்து உள்ளே கொட்டலாம். கூடு நீளமான சிசிஐ ஸ்டிங்கர் போன்ற தோட்டாக்களும் அதற்கு ஆகாது.

இனி சுடுதளம். குறிக்குப் பின்னால் மண்மேடு வேண்டும். .22 குண்டு ஒன்றரைக் கிலோமீட்டருக்கு மேல் போகக்கூடியது. கல்லிலும் நீரிலும் எளிதாகத் தெறிக்கும்.

ஐந்து வகைத் தோட்டாக்களை எடுங்கள், வகைக்கு ஒரு பெட்டி. வகை மாற்றும்போது முதல் பத்துக் குண்டுகளைக் கணக்கில் சேர்க்காதீர்கள். முந்தைய தோட்டாவின் மெழுகுப் படிவம் மாறிப் புதியது படிய அவ்வளவு தேவைப்படும். பிறகு 50 மீட்டரில், தாங்கி வைத்து, ஐந்து குண்டு வீதம் ஐந்து குரூப் (ஒரே குறியில் சேர்ந்து விழும் தொகுதி). மூன்று குண்டுக் குரூப்பை நம்பாதீர்கள். அதிர்ஷ்டத்தால் அது சின்னதாகிவிடும். குரூப்புகளின் சராசரி அகலம் 25 மி.மீ.க்குள் நின்றால் வேட்டைக்கு நல்ல ரைஃபிள். 15 மி.மீ. என்றால் குறிக்கும் நம்பலாம். அந்தத் தூரத்தில் ஒரு எம்ஓஏ (பாகையில் அறுபதில் ஒரு பங்குக் கோணம்) என்பது 14.5 மி.மீ.

எல்லா வகையும் சிதறினால் ரைஃபிளைக் குறை சொல்லும் முன், கட்டையை இறுக்கும் திருகுகளைத் தயாரிப்பாளர் சொன்ன அளவுக்கு முறுக்கி, ஸ்கோப் வளையங்களையும் பார்த்துவிடுங்கள். பாதிக் குறைகள் அங்கேதான் தீரும். சென்டர்ஃபயர் (அடிப்பகுதியின் நடுவில் பற்றும் தோட்டா) ரைஃபிளுக்கான ஸ்கோப் பெரும்பாலும் 100 மீட்டருக்கு இடமாறு சரிசெய்யப்பட்டது. 50 மீட்டரில் கண் நகர்ந்தால் குறுக்குக்கோடும் நகரும்.

தோட்டா வெடிக்காவிட்டால், குழலைக் குறித்திசையிலேயே வைத்து 30 நொடி காத்திருந்து எடுங்கள். ஊசித் தடத்தைப் பாருங்கள். ஆழமான தடம் இருந்தும் வெடிக்கவில்லை என்றால் விளிம்பின் அந்தப் பகுதியில் மருந்து பரவவில்லை, குறை தோட்டாவில். தடம் மேலோட்டமாக இருந்தால் போல்ட்டுக்குள் அழுக்கோ கெட்டியான எண்ணெயோ இருக்கலாம், வில் தளர்ந்திருக்கலாம், இல்லை சேம்பர் இடைவெளி அதிகமாகி ஊசி தோட்டாவை முன்னே தள்ளுகிறது.

வேகம் கூடிய தோட்டா நல்லது என்ற எண்ணத்தை விடுங்கள். ஒலிவேகத்தைத் தாண்டிய குண்டு வழியில் அதற்குக் கீழே இறங்கும்போது தடுமாறும், குறுக்குக் காற்றிலும் கூடுதலாக விலகும். நொடிக்கு 325 மீட்டர் அளவிலான தோட்டாவே குறிக்கு ஏற்றது. ஆனால் 50 மீட்டரில் பூஜ்யம் வைத்தால் (குறிபார்த்த புள்ளியிலேயே குண்டு விழும்படி ஸ்கோப்பைச் சரிசெய்தால்), 100 மீட்டரில் அது 15 செ.மீ.க்கு மேல் தாழ்ந்துவிடும்.

வேட்டைக்கான தேர்வைத் தாங்கி இல்லாமல், உட்கார்ந்தோ மண்டியிட்டோ செய்யுங்கள். 25 மி.மீ. வட்டத்துக்குள் பத்தில் ஒன்பது விழும் தூரம் எதுவோ, அதுதான் உங்கள் வேட்டைத் தூரம். அது 30 மீட்டர் என்றால் 30 மீட்டர்தான். காயம்பட்டுப் புதருக்குள் போகும் முயலுக்கு உங்கள் ரைஃபிளின் குரூப் எந்த ஆறுதலும் தராது. உரிமமும், எந்த விலங்கை எப்போது வேட்டையாட அனுமதி என்பதும் நீங்கள் சுடும் இடத்தின் சட்டப்படி முன்பே முடிவாகியிருக்க வேண்டும்.

பணம் கொடுக்கும் முன் உதிரிகளைக் கேளுங்கள். மேகசின் பெரும்பாலும் இரு கைக்கும் பொது. போல்ட் அப்படியல்ல. வலதுகைக் கட்டை வாங்கினால் போல்ட் பிடிக்கான வெட்டு தவறான பக்கம் இருக்கும். எனவே பின்னாளில் வாங்க நினைக்கும் கட்டை இடதுகைக்கும் வருகிறதா என்று இப்போதே பாருங்கள். சோதனையில் சிறப்பாக நின்ற தோட்டாப் பெட்டியின் லாட் (தயாரிப்புத் தொகுதி) எண்ணைக் குறித்துக்கொண்டு, அதே லாட்டில் முடிந்த அளவு சேர்த்து வாங்குங்கள். பெயர் ஒன்றானாலும் அடுத்த லாட் உங்கள் குழலில் வேறு மாதிரி நடந்துகொள்ளலாம்.